காலம் வேறாய் ஓடும் உலகம்

மார்கழி பிறந்துவிட்டால் நம் ஊர்த் தெருக்களில் விடியுமுன்னே வாசல் தெளித்துக் கோலமிடுவதைக் காண்கிறோம். மற்ற மாதங்களில் ஆறு மணிக்கும் எழுந்திருக்க மனமில்லாத பெண் பிள்ளைகள்கூட அம்மாதத்தில் பனியில் நடுங்கிக்கொண்டு வாசலுக்கு வந்துவிடுகின்றனர். இந்த மாதத்திற்கு மட்டும் ஏன் இத்தனை சிறப்பு என்று பாட்டிமாரைக் கேட்டால், “இது தேவர்களுக்கு விடியற்காலமாயிற்றே” என்று விடை வரும்.

இந்த விடைக்குள் ஒரு கணக்கு இருக்கிறது. நமக்கு ஓர் ஆண்டு எதுவோ அது தேவருலகில் ஒரே நாள் என்பது பழைய வழக்கு. தை முதல் ஆனி வரையுள்ள உத்தராயணம் அவர்களுக்குப் பகல். ஆடி முதல் மார்கழி வரையுள்ள தட்சிணாயனம் இரவு. அவர்களுடைய 24 மணி நேரத்தை நம்முடைய 12 மாதங்களுக்குப் பங்கிட்டால் மாதத்திற்கு 2 மணி நேரம் வரும். ஆகவே இரவின் கடைசி மாதமாகிய மார்கழி முழுவதும் அவர்களுக்கு அதிகாலை 4 மணி முதல் 6 மணி வரை. நம் பள்ளியைப் போல் அங்கும் ஒரு பள்ளி இருந்து, ஒரு பாடவேளை 45 நிமிடம் என்றால், ஆசிரியை ஒரு பாடத்தைத் தொடங்கி முடிப்பதற்குள் கட்டுமாவடியில் பதினோரு நாள் கழிந்துவிடும்!

காலம் நம்மைப் போலல்லாமல் வேறொரு வேகத்தில் ஓடுகிற உலகத்தைக் கற்பனை செய்யாத மக்களினமே இல்லை எனலாம். ஆங்கிலக் கதைகள் படிக்கும் மாணவியர் சி. எஸ். லூயிஸ் படைத்த நார்னியாவை அறிந்திருப்பர். 1950-ல் வெளியான முதல் கதையில், அலமாரியின் வழியே நுழைந்த நான்கு குழந்தைகள் அங்கே அரசாண்டு பெரியவர்களாகி, திரும்பி வரும்போது இங்கே ஒரு நொடியும் கழிந்திருக்கவில்லை. ஆனால் இத்தகைய உலகத்திற்கு நாம் கடல் கடந்து போக வேண்டியதில்லை. நம் ஊருக்கு வடக்கே பட்டுக்கோட்டைப் பக்கத்தில் ‘முசுகுந்த நாடு’ என்ற பெயர் இன்றும் வழங்குகிறதே, அந்தப் பெயருக்குரிய அரசனிடமிருந்தே தொடங்கலாம்.

முசுகுந்தச் சக்கரவர்த்தியைச் சோழர் குலத்து முன்னோராகத் தமிழ் மரபு போற்றுகிறது. தேவர்களுக்கும் அசுரர்களுக்கும் போர் மூண்டபோது இந்திரனுக்குத் துணையாக அவர் சென்றார் என்பதும், வெற்றிக்குப் பரிசாகத் தியாகராசர் திருவுருவைப் பெற்றுத் திருவாரூருக்குக் கொண்டுவந்தார் என்பதும் தலபுராணம். ஒன்றைக் கேட்டவருக்கு ஏழு கிடைத்தன. அவை திருவாரூர், நாகப்பட்டினம், வேதாரணியம் முதலிய ஏழு ஊர்களில் உள்ளன என்பர். திருவாரூர்க் கோவிலின் தேவாசிரிய மண்டபத்து விதானத்தில் 17-ஆம் நூற்றாண்டில் தீட்டப்பட்ட ஓவியங்கள் இக்கதையையே வரிசையாகச் சொல்கின்றன. சுற்றுலா செல்லும் மாணவியர் அங்கே தரையைப் பார்க்காமல் தலையை அண்ணாந்து பார்க்க வேண்டும்.

இதே அரசரைப் பற்றிப் பாகவதம் சொல்லும் செய்திதான் நம் பாடத்திற்கு உரியது. முசுகுந்தர் தேவர்களுக்காக நெடுங்காலம் உறக்கமின்றிக் காவல் நின்றார். பிறகு முருகப் பெருமான் படைத் தலைவராக வந்ததும், “இனி நீர் இளைப்பாறலாம்” என்று தேவர்கள் விடை கொடுத்தனர். கூடவே ஒரு செய்தியையும் சொன்னார்கள். அவருடைய மனைவியர், பிள்ளைகள், உறவினர், அமைச்சர், குடிமக்கள் எவரும் இப்போது உயிருடன் இல்லை என்பதே அச்செய்தி. மேற்கண்ட கணக்குப்படி, அவர் தேவருலகில் ஓராண்டு போரிட்டிருந்தால் பூமியில் 360 ஆண்டுகள் கழிந்திருக்கும். என்ன வரம் வேண்டும் என்று கேட்டதற்கு அவர் நாட்டைக் கேட்கவில்லை, செல்வத்தைக் கேட்கவில்லை, தூக்கத்தைக் கேட்டார். ஒரு குகையில் படுத்தவர் கண்ணன் காலத்தில்தான் கண் விழித்தார். வெளியே வந்து பார்த்தபோது மனிதரும் விலங்குகளும் மரம் செடிகளும் உருவத்தில் சிறுத்திருக்கக் கண்டார். தாம் உறங்கிய காலம் எவ்வளவு நீண்டது என்பதை அதனால் உணர்ந்தார்.

பாகவதத்திலும் விஷ்ணு புராணத்திலும் வருகிற ரேவதியின் கதை இதைவிடச் சுவையானது. ரேவதி ககுத்மி என்ற மன்னனின் மகள். மகளுக்கு ஏற்ற மணமகன் யார் என்று பிரம்மாவையே கேட்டுவிடலாம் என்று தந்தை அவளையும் அழைத்துக்கொண்டு பிரம்மலோகம் சென்றார். அங்கே ஹாஹா, ஹூஹூ என்ற கந்தர்வர்கள் பாடிக்கொண்டிருந்தனர். பாட்டின் நடுவே பேசுவது மரியாதையன்று என்று மன்னர் காத்திருந்தார். பாட்டு முடிந்ததும் தாம் மனத்தில் வைத்திருந்த மணமகன்களின் பெயர்களைச் சொன்னார். பிரம்மா சிரித்துவிட்டார். “நீர் சொன்ன பிள்ளைகள் மட்டுமல்ல, அவர்களுடைய பேரன் பேத்திகளின் பெயர்களைக்கூட இப்போது எவரும் கேட்டதில்லை. இதற்குள் 27 சதுர்யுகங்கள் போய்விட்டன” என்பது அவர் சொன்னதன் கருத்து.

ஒரு பாட்டுக்கு 27 சதுர்யுகமா என்று வியப்பு எழலாம். நாங்கள் தாளும் பென்சிலும் எடுத்துக் கணக்குப் போட்டுப் பார்த்தோம். ஒரு சதுர்யுகம் 43,20,000 ஆண்டுகள். அப்படி ஆயிரம் சேர்ந்தால் பிரம்மாவுக்கு ஒரு பகல், அதாவது 12 மணி நேரம் அல்லது 720 நிமிடம். ஆயிரம் சதுர்யுகத்துக்கு 720 நிமிடம் என்றால் 27 சதுர்யுகத்துக்கு 19 நிமிடத்திற்குச் சற்று அதிகமாகிறது. நல்ல பாடகர் ஒருவர் ஓர் இராகத்தை விரிவாக ஆலாபனை செய்து ஒரு கீர்த்தனையைப் பாடி முடிக்க அவ்வளவு நேரம்தானே ஆகும்! பூமியில் கழிந்ததோ 11 கோடியே 66 லட்சம் ஆண்டுகள். கதை கட்டியவர் வாய்க்கு வந்ததைச் சொல்லவில்லை. கணக்குத் தெரிந்தவர்தான் சொல்லியிருக்கிறார்.

ரேவதி பின்னர் பலராமரை மணந்தாள். பழைய யுகத்துப் பெண் ஆதலால் மிக உயரமாக இருந்தாளாம். பலராமர் தம் கலப்பையை அவள்மேல் வைத்து அழுத்தி, அக்காலத்துப் பெண்களின் உயரத்திற்குக் கொண்டுவந்தாராம். அதைப் பற்றி ரேவதியின் கருத்து என்ன என்று எந்தப் புராணமும் சொல்லவில்லை. எங்களுக்கு அது ஒரு குறையாகவே தோன்றுகிறது.

கிறிஸ்தவ மரபில் இவ்வகையில் பெயர் பெற்றது எபேசு நகரத்து ஏழு இளைஞரின் வரலாறு. தேசியு என்ற உரோமைப் பேரரசன் 249 முதல் 251 வரை ஆண்டான். அவன் காலத்தில் வேதகலாபனைக்கு அஞ்சி ஏழு இளைஞர் ஒரு குகையில் ஒளிந்து உறங்கினர். கண் விழித்தவர்கள் ஓர் இரவுதான் கழிந்தது என்று எண்ணினர். பசி எடுத்தது. ஒருவன் காசு எடுத்துக்கொண்டு அப்பம் வாங்கக் கடைத்தெருவுக்குப் போனான். நகர வாயிலில் சிலுவை நாட்டப்பட்டிருக்கக் கண்டு திகைத்தான். காசைக் கண்ட கடைக்காரனோ இவனுக்குப் புதையல் அகப்பட்டுவிட்டது என்று ஐயுற்றான். அதில் தேசியுவின் உருவம் இருந்தது. அப்போது ஆண்டுகொண்டிருந்தவரோ கிறிஸ்தவப் பேரரசரான இரண்டாம் தெயோதோசியு! அவருடைய ஆட்சி 408 முதல் 450 வரை. அந்த ஓர் இரவு இரண்டு நூற்றாண்டை நெருங்கியிருந்தது.

நம் இஸ்லாமிய மாணவியர் இக்கதையை வேறு வகையில் அறிவர். திருக்குர்ஆனின் 18-ஆம் அத்தியாயத்துக்கு ‘அல்-கஹ்ஃபு’, அதாவது ‘குகை’ என்றே பெயர். வெள்ளிக்கிழமைகளில் அதை ஓதும் வழக்கம் உண்டு. குகையில் கழிந்த காலம் முந்நூறு ஆண்டுகளும் மேலும் ஒன்பதும் என்று அதில் வருகிறது. 300 சூரிய ஆண்டுகளை நாள்களாக்கி, 309 சந்திர ஆண்டுகளையும் நாள்களாக்கிப் பார்த்தால் இரண்டும் ஏறத்தாழ ஒன்றாக இருப்பதை மேல் வகுப்பு மாணவியர் காணலாம்.

13-ஆம் நூற்றாண்டில் காஸ்டில் நாட்டை ஆண்ட பத்தாம் அல்போன்சு மன்னர் தேவமாதாவின் மீது பாடப்பட்ட நானூற்றுக்கு மேற்பட்ட பாடல்களைத் தொகுத்து வைத்தார். அதன் 103-ஆம் பாடல் ஒரு துறவியைப் பற்றியது. மோட்சத்தின் இன்பம் எத்தகையது என்று உயிரோடு இருக்கும்போதே காட்ட வேண்டும் என அவர் மாதாவை மன்றாடினார். ஒரு நாள் தோட்டத்து நீரூற்றின் அருகே அமர்ந்து ஒரு பறவை பாடுவதைக் கேட்டார். பாட்டு முடிந்தது, உணவு வேளை ஆகியிருக்குமே என்று மடத்துக்குத் திரும்பினார். வாசலும் புதிது, இருந்த துறவியரும் அவரை அறியார். கழிந்தவை 300 ஆண்டுகள். பிரம்மலோகத்தில் கந்தர்வர் பாட்டு, இங்கே பறவையின் பாட்டு! இவ்விரண்டு நாட்டாரும் ஒருவரை ஒருவர் கேட்டா எழுதினார்கள்? நல்ல பாட்டைக் கேட்கும்போது நேரம் போவது தெரியாது என்பது எல்லா நாட்டிலும் ஒன்றுதான் போலும்.

கடற்கரைப் பிள்ளைகளாகிய நமக்கு மிக நெருங்கியது ஜப்பானியக் கதை. உரஷிமா தாரோ என்ற செம்படவன் ஓர் ஆமைக்கு உயிர்ப்பிச்சை அளிக்கிறான். அந்த ஆமை அவனைக் கடலடியில் உள்ள மாளிகைக்கு அழைத்துச் செல்கிறது. மூன்று ஆண்டு அங்கே இன்பமாகக் கழித்தபின் தாய் தந்தையரின் நினைவு வருகிறது. திறக்கக் கூடாது என்று சொல்லி மாளிகைப் பெண் ஒரு பெட்டியைக் கொடுத்தனுப்புகிறாள். கரை சேர்ந்தவன் தன் வீட்டைத் தேடுகிறான். வீடு இல்லை, ஊரார் முகம் தெரியவில்லை. அவனுடைய பெயரை, முன்னூறு ஆண்டுக்கு முன் கடலுக்குப் போய்த் திரும்பாத ஒருவனுடைய பெயராகவே அவர்கள் அறிந்திருந்தனர். மனம் நொந்து பெட்டியைத் திறந்தான். நொடிப் பொழுதில் தொண்டு கிழவனானான். 720-ல் எழுதி முடிக்கப்பட்ட ஜப்பானின் பழைய வரலாற்று நூலிலேயே இவன் பெயர் வந்துவிடுகிறது.

இக்கதைகளை அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் ஓர் ஒற்றுமை கண்ணுக்குப் படுகிறது. அந்த உலகத்தின் உள்ளே இருக்கும்போது எவருக்கும் எந்த வேறுபாடும் தெரிவதில்லை. முசுகுந்தருக்கு நாள் நாளாகவே கழிந்தது. ரேவதிக்குப் பாட்டு பாட்டாகவே இருந்தது. குகையில் உறங்கியவருக்கு இரவு இரவுதான். திரும்பி வந்து, இங்கே ஓடிய காலத்தோடு ஒட்டிப் பார்க்கும்போதுதான் உண்மை வெளியாகிறது. அதையும் ஒரு சிறு பொருள்தான் காட்டிக் கொடுக்கிறது. ஓரிடத்தில் பழங்காசு, ஓரிடத்தில் சிறுத்துப்போன மரம், ஓரிடத்தில் அடையாளம் தெரியாத வாசல். காலத்தை அளக்க ஒரு கடிகாரம் போதாது, இரண்டு வேண்டும் என்று கதை சொன்னவர்கள் அறிந்திருந்தனர்.

மற்றொன்றையும் சொல்லிவிட வேண்டும். கதைகள் எல்லாம் போனவரின் பின்னாலேயே போகின்றன. முசுகுந்தரின் அரசியர் எத்தனை மார்கழி கோலமிட்டுக் காத்திருந்தனரோ! உரஷிமாவின் தாய் எத்தனை மாலை கரையில் நின்றாளோ! அதை எழுதுவார் இல்லை. இரவில் போன படகு விடிந்தும் வராவிட்டால் கரையில் நிற்கும் ஒரு மணி நேரம் எவ்வளவு நீளும் என்பதைப் பாக் நீரிணைக் கரையில் எந்தத் தாயைக் கேட்டாலும் சொல்வாள்.

இனி, இப்படி ஓர் உலகம் உண்மையில் உண்டா என்ற வினாவுக்கு வருவோம்.

முதலில், உண்டு என்பது போலத் தோன்றி ஏமாற்றுகிறவற்றை விலக்கிவிட வேண்டும். அவிலா நகர்ப் புனித தெரேசம்மாள் 1582-ஆம் ஆண்டு அக்டோபர் 4-ஆம் நாள் இரவில் இறைவனடி சேர்ந்தார். மறுநாள் தேதி என்ன தெரியுமா? அக்டோபர் 15! பாப்பரசர் பதின்மூன்றாம் கிரகோரியார் நாள்காட்டியைத் திருத்தியபோது பத்துத் தேதிகளை நீக்கினார். அந்த நீக்கம் விழுந்தது அதே இரவில். அதனால்தான் அப்புனிதையின் திருநாளை அக்டோபர் 15-ல் கொண்டாடுகிறோம். ஆனால் அந்த இரவு வழக்கமான இரவைவிட நீளமாகவும் இல்லை, குறுகலாகவும் இல்லை.

நமக்கு எதிர்க்கரையிலும் அப்படி ஒன்று நடந்தது. இலங்கை அரசு 1996 மே மாதத்தில் தன் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்தள்ளி வைத்தது. அதே ஆண்டு அக்டோபரில் அரை மணி குறைத்தது. 2006 ஏப்ரலில் மீண்டும் நம் இந்திய நேரத்திற்கே வந்தது. அந்தப் பத்தாண்டில் விடுதலைப் புலிகளின் ஆளுகையில் இருந்த பகுதிகள் பழைய நேரத்தையே வைத்திருந்தன. ஒரே தீவுக்குள் ஒரு சோதனைச் சாவடியைத் தாண்டினால் மணி மாறிவிடும்! எனினும் சூரியன் இரு பக்கத்திலும் ஒரே கணத்தில்தான் உதித்தது. இவ்விரண்டிலும் மாறியது காலமன்று; அதற்கு மனிதர் இட்ட பெயர்தான்.

காலமே வேகம் மாறி ஓடக்கூடும் என்று கணக்கால் நிறுவியவர் ஆல்பர்ட் ஐன்ஸ்டைன். 1905-ல் அவர் சொன்னது: வேகமாகச் செல்லும் கடிகாரம், நிற்கும் கடிகாரத்தைவிட மெதுவாக ஓடும். 1915-ல் நிறைவு செய்த பொதுச் சார்பியல் கொள்கைப்படி, பூமியின் ஈர்ப்பு மிகுந்த இடத்தில் கடிகாரம் மெதுவாகவும், உயரே ஈர்ப்பு குறைந்த இடத்தில் விரைவாகவும் ஓடும். கடிகாரம் என்றதும் அதன் சக்கரத்தில் ஏதோ கோளாறு என்று எண்ணிவிடக் கூடாது. கடிகாரம் மெதுவானால் அதன் அருகே இருப்பவரின் நாடித் துடிப்பும் அதே அளவு மெதுவாகும். ஆகையால் அவருக்கு ஒன்றும் தெரியாது. கதைகளில் கண்டது இதுவே அன்றோ?

1971 அக்டோபரில் ஹாஃபெலே, கீட்டிங் என்ற இரு அமெரிக்க விஞ்ஞானிகள் இதைச் சோதித்தனர். நான்கு சீசியம் அணுக் கடிகாரங்களை எடுத்துக்கொண்டு சாதாரணப் பயணிகள் விமானத்தில் உலகைச் சுற்றி வந்தனர். கடிகாரங்களுக்கும் இருக்கை வேண்டுமே! அவற்றுக்கும் பயணச்சீட்டு வாங்கி, பெல்ட் போட்டு உட்கார வைத்தனர். தரையில் விட்டுப்போன கடிகாரங்களோடு ஒப்பிட்டபோது, கிழக்கு நோக்கிச் சுற்றியவை ஒரு நொடியின் நூறு கோடிப் பங்கில் 59 பங்கு பின்தங்கியிருந்தன. மேற்கு நோக்கிச் சுற்றியவை 273 பங்கு முந்தியிருந்தன. ஐன்ஸ்டைனின் கணக்கு சொன்னதும் ஏறத்தாழ அதுதான். 2010-ல் அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்தில் உள்ள தர நிர்ணய ஆய்வுக்கூடத்தில் ஒரு கடிகாரத்தை மற்றொன்றைவிட 33 சென்டிமீட்டர் மட்டும் உயர்த்தி வைத்தே வேறுபாட்டைக் கண்டுவிட்டனர். அதாவது, மாடி வகுப்பில் படிக்கும் மாணவியருக்குக் கீழ் வகுப்பு மாணவியரைவிட ஒரு மயிரிழை விரைவாக வயது கூடுகிறது. ஆனால் மாடி வகுப்பார் இதைச் சாக்காகக் கொண்டு மூப்பு மரியாதை கேட்க இயலாது. வேறுபாடு அவ்வளவு சிறிது.

நம் காலத்து முசுகுந்தர் என்று ஒருவரைக் காட்ட வேண்டுமானால் செர்கெய் கிரிக்கலேவைக் காட்டலாம். இவர் 1991 மே 18-ல் சோவியத் நாட்டிலிருந்து மீர் விண்வெளி நிலையத்துக்கு ஏறினார். 1992 மார்ச் 25-ல் இறங்கியபோது அவரை அனுப்பிய நாடே உலகப் படத்தில் இல்லை. 1991 டிசம்பரில் சோவியத் ஒன்றியம் கலைந்துவிட்டது. அவர் பிறந்த லெனின்கிராடு நகரின் பெயரும் செயின்ட் பீட்டர்ஸ்பர்க் என்று மாறியிருந்தது. எபேசு இளைஞனின் காசைப் போல, அவர் சட்டையில் இருந்த நாட்டின் எழுத்துகள் மட்டும் பழையனவாக இருந்தன. அவர் பின்னரும் பலமுறை சென்று மொத்தம் 803 நாள்கள் விண்ணில் கழித்தார். அதன் பயனாகத் தம் வயதொத்த நம்மூர்க்காரர்களைவிட ஒரு நொடியில் ஏறத்தாழ ஐம்பதில் ஒரு பங்கு இளையவராக இருக்கிறார்.

ஐம்பதில் ஒரு பங்கு நொடி யாருக்கு என்ன செய்துவிடும் என்று கேட்கலாம். அதைவிடச் சிறிய வேறுபாடு ஒன்று நம் கட்டுமாவடிப் படகுகளுக்குச் செய்வதைப் பார்ப்போம்.

முன்பு நம் கடலில் தொழில் செய்தவர்கள் விடிவெள்ளியையும் கார்த்திகைக் கூட்டத்தையும், காற்றையும் நீரோட்டத்தையும், கரையில் தெரியும் மரத்தையும் கோபுரத்தையும் பார்த்து இடம் அறிந்தனர். இன்று படகில் ஜி.பி.எஸ். கருவி இருக்கிறது. வலை விட்ட இடத்தையும் திரும்பும் வழியையும் அது எண்ணாகக் காட்டுகிறது. அது எப்படி இடம் அறிகிறது? மின்னல் தெரிந்தபின் இடி கேட்கும் வரை எண்ணி, இடி விழுந்த தூரத்தைச் சொல்வார்கள் அல்லவா, ஏறத்தாழ அதே முறைதான். 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றும் செயற்கைக் கோள்கள் ஒவ்வொன்றும் தன்னிடம் உள்ள அணுக் கடிகாரத்தின் மணியையும், தான் இருக்கும் இடத்தையும் ஓயாமல் அறிவித்துக்கொண்டே இருக்கின்றன. அந்தச் சேதி படகுக்கு வந்துசேர ஆன நேரத்தை ஒளியின் வேகத்தால் பெருக்கினால் தூரம் கிடைக்கும். குறைந்தது நான்கு கோள்களின் தூரம் தெரிந்தால் படகு இருக்கும் இடம் தெரிந்துவிடும்.

ஒளி நொடிக்கு ஏறத்தாழ 3 லட்சம் கிலோமீட்டர் செல்லும். ஒரு நொடியைப் பத்து லட்சம் கூறாக்கினால் ஒரு கூறுக்கு மைக்ரோ நொடி என்று பெயர். அந்த ஒரு கூறுக்குள்ளே ஒளி 300 மீட்டர் போய்விடும். ஆக, கடிகாரத்தில் ஒரு மைக்ரோ நொடி பிசகினால் தூரத்தில் 300 மீட்டர் பிசகும்.

அந்தச் செயற்கைக் கோள்கள் இருக்குமிடமே நாம் தேடிய உலகம். அவை மணிக்கு ஏறத்தாழ 14,000 கிலோமீட்டர் வேகத்தில் பறப்பதால் அவற்றின் கடிகாரம் நாளொன்றுக்கு 7 மைக்ரோ நொடி பின்தங்க வேண்டும். உயரத்தில் ஈர்ப்பு குறைந்திருப்பதால் 45 மைக்ரோ நொடி முந்த வேண்டும். கழித்துப் பார்த்தால் நாள்தோறும் 38 மைக்ரோ நொடி முந்துகிறது. கிரிக்கலேவ் பறந்தது சில நூறு கிலோமீட்டர் உயரத்தில்தான். அங்கே வேகத்தின் பங்கு ஈர்ப்பின் பங்கை வென்றுவிடுகிறது. அதனால்தான் அவர் இளையவரானார், இக்கோள்களோ மூத்துப்போகின்றன.

38 மைக்ரோ நொடியை 300 மீட்டரால் பெருக்குங்கள். 11 கிலோமீட்டருக்கு மேல் வரும். இந்த வேறுபாட்டைச் சரிசெய்யாமல் விட்டால் ஒரு கோளுக்கும் படகுக்கும் இடையே உள்ள தூரக் கணக்கில் ஒரே நாளில் அவ்வளவு பிழை ஏறிவிடும். மறுநாள் அதன் இரு மடங்கு.

பாக் நீரிணையில் இது வெறும் கணக்கன்று. 1974-ஆம் ஆண்டு இந்திய இலங்கை ஒப்பந்தம் வகுத்த எல்லைக் கோடு இந்தக் கடலின் நடுவே செல்கிறது. தண்ணீரில் கோடு தெரியாது, கருவியில்தான் தெரியும். இந்தப் பக்கம் என்றால் மீன், அந்தப் பக்கம் என்றால் கைது. கோட்டைப்பட்டினத்திலிருந்தும் ஜெகதாப்பட்டினத்திலிருந்தும் சென்று இலங்கைக் கடற்படையிடம் பிடிபட்டவர்களின் வீடுகள் நம் மாணவியர் அறியாதவை அல்ல. மீன் அங்கேதான் இருக்கிறது என்று தெரிந்தே போவோரும் உண்டு. அது வேறு பேச்சு. இயந்திரம் நின்று நீரோட்டத்தில் இழுபட்டுப் போவோருக்கும், இரவில் திசை தடுமாறுவோருக்கும், தாம் இருப்பது எந்தப் பக்கம் என்று சொல்லுவது அந்தச் சிறு பெட்டி ஒன்றே.

கடிகாரம் பழுதானால் கோளே பயனற்றுப்போகும். நம் நாடு சொந்தமாக இடங்காட்டும் அமைப்பொன்றை ஏற்படுத்தி அதற்கு ‘நாவிக்’ என்று பெயரிட்டுள்ளது. அதன் முதற்கோள் 2013 ஜூலை 1-ல் செலுத்தப்பட்டது. வெளிநாட்டிலிருந்து வாங்கிப் பொருத்திய அதன் மூன்று ருபிடியம் கடிகாரங்களும் பழுதாயின என்ற செய்தி 2017 ஜனவரியில் வந்தது. கோள் உடையவில்லை, விழவில்லை. மணி சொல்ல முடியாமற்போயிற்று, அவ்வளவே. அதன் இடங்காட்டும் பணி அதோடு முடிந்தது. பின்னர் அகமதாபாத்தில் உள்ள விண்வெளிப் பயன்பாட்டு மையத்தில் நம்மவரே ருபிடியம் கடிகாரம் செய்து, 2023 மே 29-ல் சென்ற கோளில் பொருத்தி அனுப்பினர்.

ஜி.பி.எஸ். அமைப்பின் தொடக்க நாள்களில் நடந்த ஒன்று இங்கே சொல்லத் தக்கது. 1977 ஜூன் மாதத்தில் முதன்முதலாக ஒரு சீசியம் கடிகாரத்தை அமெரிக்கர் செயற்கைக் கோளில் வைத்து மேலே அனுப்பினர். ஐன்ஸ்டைன் சொன்ன வேறுபாடு அங்கே உண்மையிலேயே தலைகாட்டுமா என்பதில் பொறியாளர் சிலருக்கு ஐயம் இருந்தது. ஆகவே வேறுபாட்டைத் திருத்தும் ஒரு கருவியையும் உள்ளே வைத்தனர். ஆனால் அதை இயக்காமல் விட்டனர். தேவைப்பட்டால் தரையிலிருந்து இயக்கிக்கொள்ளலாம் என்பது ஏற்பாடு. 20 நாள்கள் பொறுத்துப் பார்த்தனர். கடிகாரம் நாள்தோறும் முந்திக்கொண்டே போயிற்று. கணக்கு சொன்ன அளவுக்கும் கண்ட அளவுக்கும் நூற்றுக்கு ஒன்று என்ற அளவில்கூட வேறுபாடு இல்லை. திருத்தும் கருவியை இயக்கினர்.

அதன் பிறகு செல்லும் கோள்களின் கடிகாரங்களைத் தரையில் இருக்கும்போதே சற்று மெதுவாக ஓடும்படி அமைத்து அனுப்புகின்றனர். மேலே அவை 10.23 மெகாஹெர்ட்ஸ் என்ற அதிர்வெண்ணில் ஓடுவதாக நமக்குத் தெரிய வேண்டும். அதற்காக இங்கே அவற்றை 10.22999999543 மெகாஹெர்ட்ஸில் வைக்கின்றனர். கணக்கில் விருப்பமுள்ள மாணவியர் முன்னதிலிருந்து பின்னதைக் கழித்து, வந்ததை 10.23-ஆல் வகுத்து, ஒரு நாளின் 86,400 நொடியால் பெருக்கிப் பார்க்கலாம். ஒரு நொடியில் பத்து லட்சத்தில் 38 பங்குக்குச் சற்று மேலே விடை வர வேண்டும்.